ஆப் டவுன்லோட் ஆகவில்லையா? எங்கே நிற்கிறது என்று முதலில் பாருங்கள்

இன்ஸ்டால் பட்டனைத் தொட்டதும் போனுக்கு வரிசையாக மூன்று வேலைகள் வருகின்றன. இந்த அக்கவுன்டுக்கும் இந்த மாடலுக்கும் ஆப்பைத் தரலாமா என்று ஸ்டோரின் சர்வரிடம் கேட்க வேண்டும். சரி என்று பதில் வந்தால் ஃபைலை இறக்க வேண்டும். இறக்கியதைச் சரிபார்த்து, பிரித்து, உள் ஸ்டோரேஜில் பதிக்க வேண்டும். இவற்றில் எது சிக்கினாலும் வெளியே தெரிவது ஒன்றுதான்: ஆப் வரவில்லை. ஆனால் மூன்றுக்கும் வைத்தியம் வேறு வேறு. இடம் போதாத போனுக்காக ரவுட்டரை அணைத்துப் போடுவதும், நெட் சிக்கலுக்காகக் கேஷை (ஆப் தற்காலிகமாகச் சேர்த்து வைக்கும் ஃபைல்களை) அழிப்பதும் வீண் வேலை.

எனவே இன்ஸ்டாலைத் தொட்டுவிட்டு ஒரு நிமிடம் எதையும் அழுத்தாமல் திரையைக் கவனியுங்கள்.

• இன்ஸ்டால் பட்டனே இல்லை, அல்லது இந்தப் போனுக்குப் பொருந்தாது என்று வருகிறது: அக்கவுன்ட், நாடு, ஆண்ட்ராய்டு பதிப்பு, பெற்றோர் கட்டுப்பாடு ஆகியவற்றில் ஒன்று. நெட்டைக் குடைய வேண்டாம்.
• ‘பெண்டிங்’ என்றே நிற்கிறது, ஒரு சதவீதம்கூட நகரவில்லை: முன்னால் வேறு டவுன்லோட் வரிசையில் நிற்கிறது, அல்லது இந்த நெட்வொர்க்கில் இறக்கக்கூடாது என்று ஏதோ ஒரு செட்டிங் தடுக்கிறது.
• பாதி வரை போய் நிற்கிறது: நெட் இணைப்பு அறுந்து அறுந்து வருகிறது, அல்லது இடம் தீர்ந்துவிட்டது.
• 100 வரை ஓடி ‘இன்ஸ்டாலிங்’ என்று சுற்றிக்கொண்டே இருக்கிறது, கடைசியில் மறுபடியும் இன்ஸ்டால் பட்டனே வந்து நிற்கிறது: நெட்டில் குற்றமில்லை. ஸ்டோரேஜ், அல்லது அந்த ஆப்பின் பழைய மிச்சம்.

இதைப் பார்த்துவிட்டு போனை ஒருமுறை ரீஸ்டார்ட் செய்யுங்கள். சிக்கிக்கொண்ட டவுன்லோட் சேவை பல நேரம் இதிலேயே விடுபடும். பிறகு 5, 10 எம்பி அளவுள்ள சின்ன ஆப் ஒன்றை இறக்கிப் பாருங்கள். சின்னது வந்து பெரியது வரவில்லை என்றால் ஸ்டோரேஜ் பக்கம் போகலாம். எதுவுமே வரவில்லை என்றால் வைஃபையிலிருந்து மொபைல் டேட்டாவுக்கு மாறி அதே சின்ன ஆப்பை முயலுங்கள். ஒன்றில் வந்து இன்னொன்றில் வராவிட்டால் போனில் கோளாறு இல்லை, அந்த நெட்வொர்க்கில்தான்.

பெண்டிங்கில் நிற்பது

ஆண்ட்ராய்டில் அதிகம் பேர் மாட்டிக்கொள்வது இதில். பிளே ஸ்டோர் எல்லா ஆப்பையும் ஒரே நேரத்தில் இறக்காது, வரிசை போட்டுத்தான் இறக்கும். பின்னணியில் இருபது ஆப்புக்கு ஆட்டோ அப்டேட் ஓடிக்கொண்டிருந்தால் நீங்கள் கேட்டது கடைசியில் போய் நிற்கும். பிளே ஸ்டோரைத் திறந்து, மேலே உள்ள உங்கள் புரொஃபைல் படத்தைத் தொட்டு, ‘மேனேஜ் ஆப்ஸ் அண்ட் டிவைஸ்’ என்பதற்குள் போங்கள். அப்டேட் பட்டியலில் ஓடிக்கொண்டிருப்பவற்றை நிறுத்துங்கள். பிறகு உங்களுக்கு வேண்டியதை மட்டும் கேன்சல் செய்துவிட்டு மறுபடி இன்ஸ்டால் கொடுங்கள்.

வரிசை காலியாக இருந்தும் நகரவில்லையா? அதே புரொஃபைல் படம், செட்டிங்ஸ், நெட்வொர்க் பிரிஃபரன்ஸஸ், ஆப் டவுன்லோட் பிரிஃபரன்ஸ். இங்கே ‘வைஃபை மட்டும்’ என்று இருந்தால் மொபைல் டேட்டா எவ்வளவு வேகமாக இருந்தாலும் ஸ்டோர் காத்துக்கொண்டேதான் இருக்கும். ‘எந்த நெட்வொர்க்கிலும்’ அல்லது ‘ஒவ்வொரு முறையும் கேள்’ என்று மாற்றுங்கள்.

அடுத்தது போனின் டேட்டா சேவர், அதாவது பின்னணியில் டேட்டா செலவாவதைக் கட்டுப்படுத்தும் வசதி. இது நெட்வொர்க் செட்டிங்ஸுக்குள் இருக்கும். சாம்சங்கில் கனெக்ஷன்ஸ், டேட்டா யூசேஜ் என்று போக வேண்டும். அணைத்துவிடலாம். டேட்டா குறைவு என்பதால் அணைக்க மனமில்லை என்றால், கட்டுப்பாடில்லாமல் டேட்டா பயன்படுத்தும் ஆப்களின் பட்டியலில் கூகுள் பிளே ஸ்டோர், கூகுள் பிளே சர்வீசஸ், டவுன்லோட் மேனேஜர் மூன்றையும் சேர்த்துவிடுங்கள். பிளே ஸ்டோரை மட்டும் சேர்த்துவிட்டு வேலை முடிந்தது என்று நினைக்காதீர்கள்.

இன்னொரு போனின் ஹாட்ஸ்பாட்டில் இணைந்திருப்பவர்களுக்குத் தனியாக ஒரு சிக்கல் உண்டு. வைஃபை அடையாளம் தெரியும், பிரவுசரில் பக்கங்கள் திறக்கும், ஸ்டோர் மட்டும் ‘வைஃபைக்காகக் காத்திருக்கிறது’ என்று சொல்லும். ஒரு ஆண்ட்ராய்டு போனின் ஹாட்ஸ்பாட்டை இன்னொரு ஆண்ட்ராய்டு போன் அளவிட்டுச் செலவழிக்க வேண்டிய இணைப்பாகவே எடுத்துக்கொள்கிறது. பெயரளவில் வைஃபையாக இருந்தாலும், ‘வைஃபை மட்டும்’ என்ற விதி அங்கே நிறைவேறாது. வைஃபை பட்டியலில் அந்த ஹாட்ஸ்பாட்டின் பக்கத்தில் உள்ள பல்சக்கரத்தைத் தொட்டால் ‘மீட்டர்டு’ அல்லது ‘நெட்வொர்க் யூசேஜ்’ என்ற பெயரில் ஒரு வரி இருக்கும். அதை ‘அன்மீட்டர்டு’ ஆக்குங்கள். வேலை முடிந்ததும் பழையபடி மாற்றிவிடுங்கள். இல்லாவிட்டால் மற்ற ஆப்களும் அந்த ஹாட்ஸ்பாட்டின் டேட்டாவைக் கணக்குப் பார்க்காமல் உறிஞ்சும்.

நெட் இருந்தும் ஸ்டோருக்குப் போகாதது

பொது இடத்து வைஃபையில், பிரவுசரில் ஒரு லாகின் பக்கம் வந்து அதை முடிக்கும் வரை வேறு எதுவும் ஓடாது. வைஃபையில் இணைந்ததும் பிரவுசரைத் திறந்து ஏதாவது ஒரு பக்கத்துக்குப் போய்ப் பாருங்கள், லாகின் பக்கம் வந்தால் விஷயம் அவ்வளவுதான். அலுவலகம், கல்லூரி நெட்வொர்க்குகளில் ஃபயர்வால் தடுப்பதும் உண்டு. கூகுளின் சேவைகள் வழக்கமான 443 போர்ட்டுடன் 5228 முதல் 5230 வரையிலான போர்ட்டுகளையும் பயன்படுத்துகின்றன. அவை மூடியிருந்தால் ஸ்டோர் திறக்கும், தேடும், டவுன்லோட் மட்டும் நொண்டும். அங்கே நெட்வொர்க் பார்ப்பவரிடம் இந்த எண்களைச் சொன்னால் புரிந்துகொள்வார்.

விபிஎன் (நெட் போக்குவரத்தை வேறொரு சர்வர் வழியாகத் திருப்பும் வசதி) ஓடினால் அணைத்துவிட்டு முயலுங்கள். விளம்பரம் தடுக்கும் ஆப்களில் பெரும்பாலானவை போனுக்குள்ளேயே ஒரு விபிஎன் போல உட்கார்ந்து வேலை செய்பவை, அதனால் அவையும் கணக்கில் சேரும். நெட்வொர்க் செட்டிங்ஸில் ‘பிரைவேட் டிஎன்எஸ்’ என்று ஒன்று இருக்கும், தளங்களின் பெயரை எந்த சர்வரிடம் கேட்டு முகவரியாக மாற்றுவது என்று சொல்லும் இடம். யாரோ சொன்னார்கள் என்று அதில் விளம்பரத் தடுப்பு முகவரியைப் போட்டு மறந்திருப்பீர்கள். அதை ‘ஆட்டோமேட்டிக்’ ஆக்குங்கள்.

தேதி, நேரம். கேட்டால் சில்லறை விஷயம் போலத் தோன்றும். ஆனால் போனும் ஸ்டோரும் பேசிக்கொள்ளும்போது இடையில் பாதுகாப்புச் சான்றிதழ் ஒன்று பரிமாறப்படுகிறது. அதற்கு இந்தத் தேதி முதல் இந்தத் தேதி வரை செல்லும் என்று ஒரு காலவரையறை உண்டு. போனின் தேதி அந்த எல்லைக்கு வெளியே இருந்தால் சான்றிதழை நம்பாமல் இணைப்பையே மறுத்துவிடும். பேட்டரி முழுக்க வடிந்து பல நாள் கிடந்த போன்களிலும், விளையாட்டில் நேரத்தை ஏமாற்றத் தேதியை முன்னே நகர்த்தியவர்களின் போன்களிலும் இதைப் பார்க்கலாம். நேரமும் டைம் ஸோனும் தானாக அமையும்படி விட்டுவிடுங்கள்.

இடம் இருக்கிறது என்று போன் சொல்வதை அப்படியே நம்ப வேண்டாம்

ஸ்டோரில் 120 எம்பி என்று போட்டிருக்கும், போனில் 300 எம்பி காலி இருக்கும், இருந்தும் இடமில்லை என்று வரும். கணக்கு தப்பு என்று தோன்றும். தப்பில்லை. ஸ்டோரில் காட்டுவது சுருக்கப்பட்ட ஃபைலின் அளவு. அது இறங்கி ஒரு பக்கம் இருக்க, பிரித்துப் பதித்த ஆப் இன்னொரு பக்கம் இடம் பிடிக்கும். அதன் நிரலை அந்தப் போனின் பிராசஸருக்கு ஏற்ப மாற்றி எழுதும்போது இன்னும் கொஞ்சம் போகும். அப்டேட் என்றால் புதியது முழுசாகத் தயாராகும் வரை பழையதும் அங்கேயே இருக்கும். இதற்கு மேல், சிஸ்டம் மூச்சுவிட ஆண்ட்ராய்டு ஓர் அளவைத் தனக்கென்று ஒதுக்கி வைத்துக்கொள்கிறது. அதன் இயல்பான கணக்கு மொத்த இடத்தில் 5 சதவீதம் அல்லது 500 எம்பி, எது குறைவோ அது. ஆகவே மீதமுள்ள 300 எம்பி உங்கள் கைக்கு வராத பணம் போலத்தான்.

குறைந்தது 1 ஜிபி காலியாக வையுங்கள். அதற்குக் கீழே போனால் டவுன்லோட் சிக்கல் வரலாம் என்று கூகுளின் உதவிப் பக்கமும் சொல்கிறது. பெரிய கேம் என்றால் ஸ்டோரில் காட்டும் அளவைப் போல இரண்டு மடங்கு காலி இருந்தால் நிம்மதி. சில கேம்கள் ஸ்டோரில் சின்னதாக இருந்து, திறந்த பிறகு உள்ளேயிருந்து சில ஜிபி கேட்கும். அது நின்றால் பிளே ஸ்டோரைக் குறை சொல்லிப் பயனில்லை. கேமை மூடித் திறந்து, திரையை அணையவிடாமல் இறக்க வேண்டும்.

இடத்தை எங்கிருந்து எடுப்பது? அதிகம் கிடைக்கும் இடங்களிலிருந்து தொடங்குங்கள்.

வாட்ஸ்அப்பில் செட்டிங்ஸ், ஸ்டோரேஜ் அண்ட் டேட்டா, மேனேஜ் ஸ்டோரேஜ். 5 எம்பிக்கு மேற்பட்டவை, பலமுறை ஃபார்வேர்ட் ஆனவை என்று தனியாகப் பிரித்துக் காட்டும். குடும்ப குரூப்பில் வந்த வீடியோக்கள் மட்டுமே பல ஜிபி தேறும். டெலிகிராம் பார்த்த வீடியோக்களையெல்லாம் கேஷில் சேர்த்து வைத்திருக்கும். அதன் ஸ்டோரேஜ் யூசேஜ் பகுதியில் அழித்தால் செய்திகள் போகாது, வேண்டும்போது சர்வரிலிருந்து மறுபடி வரும்.

படத்தை அழித்தேனே, இடம் கூடவில்லையே என்றால் குப்பைத் தொட்டியைப் பாருங்கள். கூகுள் போட்டோஸில் பேக்கப் ஆன படங்கள் டிராஷில் 60 நாள் இருக்கும், ஆகாதவை 30 நாள். ஐபோனில் ‘ரீசென்ட்லி டெலிட்டட்’ ஆல்பத்தில் 30 நாள். சாம்சங் கேலரிக்கும் மை ஃபைல்ஸுக்கும் தனித்தனியே குப்பைத் தொட்டி உண்டு. அங்கேயும் காலி செய்தால்தான் இடம் திரும்பும். யூடியூப் போன்றவற்றில் ஆஃப்லைனில் பார்க்க இறக்கி வைத்த வீடியோக்களையும் மறக்க வேண்டாம், அவை கேலரியில் தெரியாது.

பிளே ஸ்டோர் செட்டிங்ஸில், ஜெனரல் பகுதியில், பயன்படுத்தாத ஆப்களைத் தானாக ஆர்க்கைவ் செய்யும் வசதி உண்டு. ஆப்பின் பெரும்பகுதி போகும், உங்கள் தரவும் ஐகானும் இருக்கும். தொட்டால் மறுபடி இறங்கும். ஸ்டோரேஜ் குறைந்த போன்களுக்கு நல்ல ஏற்பாடு. மாறாக, கிளீனர், பூஸ்டர் என்ற பெயரில் வரும் ஆப்களை இதற்காக இறக்காதீர்கள். இருக்கிற இடத்தையும் அவை எடுத்துக்கொண்டு விளம்பரத்தைக் காட்டும்.

மெமரி கார்டு போட்டவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். கார்டில் 50 ஜிபி காலி இருப்பது ஆப் இன்ஸ்டாலுக்கு உதவாது, ஆப் முதலில் உள் ஸ்டோரேஜில்தான் உட்காரும். கார்டை உள் ஸ்டோரேஜாகவே ஃபார்மேட் செய்து இணைத்திருந்தால் நிலைமை வேறு. அப்போது கார்டு பழுதானால் இன்ஸ்டாலும் அப்டேட்டும் பாதியில் தோற்கும். அப்படி இணைத்த கார்டைத் திடீரென்று உருவக்கூடாது, அதில் இருக்கும் ஆப்கள் எல்லாம் திறக்காமல் போகும். ஸ்டோரேஜ் செட்டிங்ஸ் வழியாகத் தரவை நகர்த்திவிட்டுத்தான் கழற்ற வேண்டும். சாதாரணமாகப் போட்ட கார்டு என்றால் போனை அணைத்துவிட்டுக் கழற்றி, ஒருமுறை இன்ஸ்டால் செய்து பார்க்கலாம்.

கேஷை அழிப்பது: வரிசை முக்கியம்

நெட் சரி, இடமும் சரி, இன்னும் வரவில்லை. இப்போதுதான் இந்த வேலை. செட்டிங்ஸ், ஆப்ஸ், எல்லா ஆப்களும், கூகுள் பிளே ஸ்டோர்.

1. ‘ஃபோர்ஸ் ஸ்டாப்’ கொடுங்கள். ஓடிக்கொண்டிருக்கும்போது கேஷை அழித்தால் பாதி மறுபடி எழுதப்பட்டுவிடும்.
2. ஸ்டோரேஜ் பகுதிக்குள் போய் ‘கிளியர் கேஷ்’ மட்டும் கொடுங்கள். ஸ்டோரைத் திறந்து முயலுங்கள். வந்தால் இதோடு நிறுத்துங்கள்.
3. வரவில்லை என்றால் ‘கிளியர் ஸ்டோரேஜ்’ அல்லது ‘கிளியர் டேட்டா’. நீங்கள் வாங்கிய ஆப்கள் அக்கவுன்டோடு சேர்ந்தவை, எதுவும் போகாது. ஆனால் ஸ்டோருக்குள் வைத்த அமைப்புகள் தொடக்க நிலைக்குத் திரும்பும். வாங்கும்போது கைரேகை கேட்பது, பெற்றோர் கட்டுப்பாடு ஆகியவற்றை மறுபடி போட வேண்டியிருக்கும். குழந்தை கையில் கொடுக்கும் போன் என்றால் இதை மறந்துவிட வேண்டாம்.
4. ஆப் பட்டியலின் மூன்று புள்ளி மெனுவில் சிஸ்டம் ஆப்களைக் காட்டச் சொல்லி, ‘டவுன்லோட் மேனேஜர்’ என்பதற்கும் இதையே செய்யுங்கள்.
5. கூகுள் பிளே சர்வீசஸுக்குக் கேஷ் மட்டும். அதன் முழு டேட்டாவையும் அழித்தால் பணம் செலுத்தச் சேர்த்து வைத்த கார்டுகள், பயண அட்டைகள் போன்றவை போனிலிருந்து போகக்கூடும். வேறு வழியே இல்லாதபோது மட்டும் அதில் கை வையுங்கள்.
6. ரீஸ்டார்ட்.

நாலாவது படியில் டவுன்லோட் மேனேஜர் ‘டிசேபிள்டு’ என்று இருந்தால் நோயைக் கண்டுபிடித்துவிட்டீர்கள். தேவையில்லாத ஆப்களை முடக்கலாம் என்று யாரோ சொல்லி, கூடவே இதுவும் போயிருக்கும். ‘எனேபிள்’ கொடுங்கள். எதையெதை முடக்கினோம் என்று நினைவில்லாவிட்டால் மூன்று புள்ளி மெனுவில் ‘ரீசெட் ஆப் பிரிஃபரன்ஸஸ்’ இருக்கும். சில போன்களில் சிஸ்டம், ரீசெட் பகுதிக்குள் இருக்கும். முடக்கிய ஆப்கள், பின்னணி டேட்டா தடைகள், டிஃபால்ட் ஆப் தேர்வுகள் எல்லாம் தொடக்க நிலைக்கு வரும். படமோ செய்தியோ எதுவும் அழியாது. இவ்வளவு பயனுள்ள ஒன்றைப் பலர் ‘ரீசெட்’ என்ற சொல்லைப் பார்த்துப் பயந்து தொடாமலே விடுகிறார்கள்.

இதற்கும் மசியவில்லை என்றால் பிளே ஸ்டோரின் அதே பக்கத்தில் மூன்று புள்ளியைத் தொட்டு ‘அன்இன்ஸ்டால் அப்டேட்ஸ்’ கொடுங்கள். போனுடன் வந்த பழைய பதிப்புக்குத் திரும்பி, பின்னணியில் தன்னைத் தானே புதுப்பித்துக்கொள்ளும். உடனே இன்ஸ்டால் கொடுத்தால் மறுபடி பிழைதான் வரும். பழைய போன்களில் 927 என்ற எண்ணுடன் வரும் பிழை பெரும்பாலும் ஸ்டோர் தன்னைப் புதுப்பித்துக்கொண்டிருக்கிறது என்பதைத்தான் சொல்கிறது. வைஃபையில் ஐந்து, பத்து நிமிடம் விட்டுவிட்டு, ஸ்டோர் செட்டிங்ஸில் ‘அபவுட்’ பகுதியில் ‘அப்டேட் பிளே ஸ்டோர்’ என்பதைத் தொட்டு உறுதி செய்துகொள்ளுங்கள்.

அக்கவுன்ட் பக்கம்

சர்வரிலிருந்து தகவல் பெறுவதில் பிழை என்ற செய்தி திரும்பத் திரும்ப வந்தால், கேஷுக்கு அடுத்து சந்தேகப்பட வேண்டியது கூகுள் அக்கவுன்டின் லாகின். பாஸ்வேர்டை வேறு இடத்தில் மாற்றியிருந்தால் போனில் உள்ள பழைய லாகின் செல்லாமல் போயிருக்கும். செட்டிங்ஸில் அக்கவுன்டை நீக்கி, ரீஸ்டார்ட் செய்து, மறுபடி சேருங்கள். நீக்குவதற்கு முன் இரண்டு விஷயம்: பாஸ்வேர்ட் நிச்சயமாகத் தெரியுமா? இரண்டாம் கட்டச் சரிபார்ப்புக் குறியீடு வரும் எண் கையில் இருக்கிறதா? அக்கவுன்டை நீக்கியதும் அதோடு ஒத்திசைந்த தொடர்புகளும் காலண்டரும் போனிலிருந்து மறையும், திரும்பச் சேர்த்ததும் வரும். சிங்க் ஆகாமல் போனில் மட்டும் இருந்தவற்றை முதலிலேயே பேக்கப் எடுங்கள்.

போனில் இரண்டு அக்கவுன்ட் இருந்தால், காசு கொடுத்து வாங்கிய ஆப் எந்த அக்கவுன்டில் வாங்கப்பட்டதோ அதற்கு மாறினால்தான் இலவசமாக இறங்கும். குழந்தையின் அக்கவுன்ட் கூகுளின் பெற்றோர் கட்டுப்பாட்டு ஆப்பான ஃபேமிலி லிங்கில் இருந்தால், பெற்றோரின் போனில் அனுமதிக் கோரிக்கை காத்துக்கொண்டிருக்கும். அலுவலகம் கொடுத்த போனிலும், சொந்தப் போனில் அலுவலக வேலைக்கென்று தனியாகப் பிரித்த வொர்க் புரொஃபைலிலும் நிர்வாகி எந்த ஆப்பை அனுமதித்தாரோ அது மட்டும்தான். அங்கே தலைகீழாக நின்றாலும் வேறு எதுவும் வராது.

சரிபார்க்க எளிய வழி ஒன்று உண்டு. கம்ப்யூட்டரில் கூகுள் பிளே இணையதளத்தைத் திறந்து, அதே அக்கவுன்டில் நுழைந்து, ஆப்பின் பக்கத்தில் இன்ஸ்டால் கொடுங்கள். உங்கள் போன்களின் பட்டியல் வரும், எது பொருந்தும், எது பொருந்தாது என்றும் காட்டும். இங்கிருந்து கொடுத்தது போனில் இறங்கிவிட்டால், போனில் உள்ள பிளே ஸ்டோர் ஆப்பில்தான் கோளாறு.

பொருந்தாது என்று வந்தால்

ஆப் எழுதியவர் குறைந்தபட்சம் எந்த ஆண்ட்ராய்டு பதிப்பு வேண்டும் என்று குறித்திருப்பார். உங்கள் பதிப்பு அதற்குக் கீழே என்றால் சிஸ்டம் அப்டேட் ஒன்றுதான் வழி. மிகப் பழைய போன்களில் ஸ்டோரே இயங்காது: ஆண்ட்ராய்டு 2.3.7 மற்றும் அதற்குக் கீழே உள்ளவற்றில் கூகுள் லாகின் 2021 செப்டம்பர் 27 முதல் நிறுத்தப்பட்டது. ஆண்ட்ராய்டு 4.4க்கான பிளே சர்வீசஸ் ஆதரவை 2023 ஆகஸ்டில் கூகுள் முடித்துக்கொண்டது.

பதிப்பு புதிதாக இருந்தும் வங்கி ஆப்போ படம் பார்க்கும் ஆப்போ தேடலில் வரவே இல்லை என்றால், ஸ்டோர் செட்டிங்ஸில் ‘அபவுட்’ பகுதியில் பிளே புரொடெக்ட் சான்றிதழ் நிலையைப் பாருங்கள். சான்றிதழ் இல்லாத, அல்லது ரூட் செய்த (சிஸ்டத்தின் பூட்டை உடைத்து முழு அதிகாரம் எடுத்த) போனுக்குச் சில ஆப்களை ஸ்டோர் காட்டாது.

நாடு இன்னொரு காரணம். சில ஆப்கள் சில நாடுகளுக்கு மட்டும். ஸ்டோரின் நாட்டை விபிஎன் போட்டு மாற்ற முடியாது. அந்த நாட்டில் இருந்துகொண்டு, அங்கே செல்லும் கட்டண முறையைச் சேர்க்க வேண்டும். வருடத்துக்கு ஒருமுறைதான் மாற்றலாம் என்பதால் ஒரே ஒரு ஆப்புக்காக அவசரப்பட வேண்டாம். 2019 மே மாதத்துக்குப் பிறகு வெளியான புதிய ஹுவாவே மாடல்களில் கூகுள் சேவைகள் இல்லாமலே வருகின்றன. அவற்றில் ஹுவாவேயின் சொந்த ‘ஆப் கேலரி’தான் ஸ்டோர்.

ஐபோனில்

ஐபோனில் காரணங்களின் வரிசை வேறு. இலவச ஆப்கூட இறங்காமல் ‘வெரிஃபிகேஷன் ரிக்வயர்டு’ என்று வந்தால், ஆப்பிள் அக்கவுன்டில் ஏதாவது சந்தாவுக்கான பணம் நிலுவையில் இருக்கும், அல்லது கார்டு காலாவதியாகியிருக்கும். செட்டிங்ஸில் உங்கள் பெயரைத் தொட்டு, கட்டண முறைகளுக்குப் போய்ச் சரிசெய்யுங்கள். நிலுவையோ ஓடும் சந்தாவோ இருக்கும் வரை கட்டண முறை ‘எதுவுமில்லை’ என்று வைக்க விடாது.

ஐகான் சாம்பல் நிறத்தில் ‘வெயிட்டிங்’ என்று நின்றால் ஒருமுறை தொடுங்கள், நிற்கும். மறுபடி தொடுங்கள், தொடரும். அழுத்திப் பிடித்தால் ‘பிரயாரிடைஸ் டவுன்லோட்’ வரும், வரிசையில் அதை முன்னால் கொண்டுவரும்.

மொபைல் டேட்டாவில் பெரிய ஆப் மட்டும் வரவில்லை என்றால் ஆப் ஸ்டோர் செட்டிங்ஸில் ‘ஆப் டவுன்லோட்ஸ்’ பாருங்கள். 200 எம்பிக்கு மேல் கேட்டுச் செய், எப்போதும் கேள், எப்போதும் அனுமதி என்று மூன்று தேர்வுகள் இருக்கும். ஐஓஎஸ் 18 முதல் இந்தப் பக்கம் செட்டிங்ஸின் கடைசியில் ‘ஆப்ஸ்’ என்பதற்குள் போய்விட்டது.

ஆப் ஸ்டோர் ஐகானே காணோம் என்றால், ஸ்கிரீன் டைம், கன்டென்ட் அண்ட் பிரைவசி ரெஸ்ட்ரிக்ஷன்ஸ், அதற்குள் வாங்குதல்கள் பற்றிய பகுதியில் ‘இன்ஸ்டாலிங் ஆப்ஸ்’ என்பதை அனுமதியுங்கள்.

அப்டேட்டின்போது தெரியாத ஒருவரின் ஆப்பிள் அக்கவுன்ட் பாஸ்வேர்டைக் கேட்கிறதா? அந்த ஆப் முதலில் அவருடைய அக்கவுன்டில் இறக்கப்பட்டது. பழைய போன் வாங்கியவர்களுக்கு வரும் தொல்லை இது. ஆப்பை அழித்துவிட்டு உங்கள் அக்கவுன்டில் புதிதாக இறக்குங்கள். அழித்தால் அதனுள் இருக்கும் தரவும் போகும் என்பதைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

பழைய ஐபோனில் புதிய ஐஓஎஸ் வேண்டும் என்று சொன்னால், அதே அக்கவுன்டில் புதிய ஐபோன் ஒன்றில் ஆப்பை முதலில் இறக்கி, பிறகு பழைய போனில் ‘பர்ச்சேஸ்டு’ பட்டியலில் மேக அடையாளத்தைத் தொடுங்கள். பழைய பதிப்பு இன்னும் கிடைத்தால், அந்தப் போனுக்குப் பொருந்தும் கடைசிப் பதிப்பை இறக்கவா என்று கேட்கும்.

ஸ்டோருக்கு வெளியே, ஏபிகே ஃபைல்

ஸ்டோரில் வராததை வெளியிலிருந்து ஏபிகேயாக (ஆண்ட்ராய்டு ஆப்பை நேரடியாகப் பதிக்க உதவும் ஃபைலாக) இறக்குபவர்கள் சந்திக்கும் தடைகள் தனி. அதை எழுதிய நிறுவனத்தின் சொந்தத் தளத்தில் இருந்தால் மட்டும் இறக்குங்கள், அனுப்பியவர் தெரிந்தவர் என்பதற்காக வாட்ஸ்அப்பில் வந்த ஏபிகேயைத் தொடவே வேண்டாம்.

ஆண்ட்ராய்டு 8 முதல் அனுமதி ஆப் வாரியாகக் கொடுக்க வேண்டும். குரோம் வழியாக இறக்கினால் குரோமுக்கு, ஃபைல் மேனேஜரில் திறந்தால் அதற்கு. வேலை முடிந்ததும் அணைத்துவிடுங்கள். புதிய சாம்சங் போன்களில் ‘ஆட்டோ பிளாக்கர்’ இயங்கினால் அந்த அனுமதியையே கொடுக்க விடாது.

பார்ஸ் செய்வதில் (ஃபைலைப் பிரித்துப் படிப்பதில்) சிக்கல் என்று வந்தால் ஃபைல் அரைகுறையாக இறங்கியிருக்கும், அல்லது அந்த ஆப்புக்கு உங்கள் ஆண்ட்ராய்டு போதாது. ‘ஆப் நாட் இன்ஸ்டால்டு’ என்பதற்குப் பல காரணங்கள்: ஏற்கெனவே உள்ள பதிப்பின் டிஜிட்டல் கையொப்பம் வேறு, ஏற்கெனவே இருப்பது இதைவிடப் புதியது, அல்லது பிராசஸருக்கு ஒவ்வாத ஃபைல். பழையதை நீக்கியும் கையொப்பச் சிக்கல் தொடர்ந்தால் டூயல் ஆப், செக்யூர் ஃபோல்டர், இரண்டாவது யூசர் ஆகிய இடங்களில் அதே ஆப்பின் இன்னொரு பிரதி இருக்கிறதா என்று தேடுங்கள். 2021 ஆகஸ்ட் முதல் பிளே ஸ்டோரில் புதிய ஆப்கள் ஒரே ஏபிகேயாக அல்லாமல், போனுக்கு ஏற்பத் துண்டு துண்டாகப் பிரித்துத் தரும் முறையில்தான் ஏற்றப்படுகின்றன. அதிலிருந்து ஒரு துண்டை மட்டும் நண்பரின் போனிலிருந்து எடுத்து வந்தால் ஓடாது. ஆண்ட்ராய்டு 14, ஆண்ட்ராய்டு 6க்கு முந்தைய காலத்தைக் குறிவைத்து எழுதிய ஆப்களைப் பதிக்கவே மறுக்கும்.

ஃபேக்டரி ரீசெட்

மூட்டைப்பூச்சிக்குப் பயந்து வீட்டைக் கொளுத்தும் வேலை இது. மேலே சொன்ன எதிலும் அசையாமல், எல்லா நெட்வொர்க்கிலும் எல்லா ஆப்புக்கும் சிக்கல் தொடர்ந்தால் மட்டும். அதற்கு முன் நிலுவையில் உள்ள சிஸ்டம் அப்டேட்டைப் போட்டுவிடுங்கள், பல நேரம் அதிலேயே தீரும். ‘ரீசெட் நெட்வொர்க் செட்டிங்ஸ்’ஸையும் ஒருமுறை முயலுங்கள். சேமித்த வைஃபை பாஸ்வேர்டுகளும் ப்ளூடூத் இணைப்புகளும் மொபைல் நெட்வொர்க் அமைப்புகளும் போகும், படமோ செய்தியோ எதுவும் போகாது.

ரீசெட்தான் என்று முடிவானால் படங்கள், வாட்ஸ்அப் பேக்கப் ஆகியவற்றோடு இரண்டாம் கட்டச் சரிபார்ப்புக் குறியீடு தரும் ஆப்பையும் வேறு போனுக்கு மாற்றுங்கள். அதை விட்டுவிட்டால் மற்ற அக்கவுன்டுகளுக்குள் நுழைய முடியாமல் போகும். ரிக்கவரி மெனு வழியாக அழித்த ஆண்ட்ராய்டு போன், திரும்ப எழுந்ததும் முன்பு அதில் இருந்த கூகுள் அக்கவுன்டின் பாஸ்வேர்டையோ பழைய திரைப் பூட்டையோ கேட்கும். அது நினைவில்லை என்றால், ரீசெட் பட்டனைத் தொடுவதற்கு முன்பே பாஸ்வேர்டை மாற்றி, அதே போனில் புதிய பாஸ்வேர்டுடன் லாகின் ஆகிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.